எக்வமென்தெ: பங்கு பிரிக்கும் இத்தாலியச் சொல்

பாம்பன் கரையில் ஏலம் முடிந்து காசு கைக்கு வந்ததும், 'பங்கை ஞாயமாப் பிரிங்கப்பா' என்று ஒரு குரல் வருமே, அந்த 'ஞாயமா'தான் எக்வமென்தெ. 'சரிசமமாக' என்று மட்டும் மனப்பாடம் செய்தால் பாதிதான் சரி.

ஒரு கணக்கு போடுவோம். நாட்டுப்படகில் நாலு பேர் போனார்கள். மீன் விற்றது 12,000 ரூபாய், டீசலும் ஐஸும் 3,000, மீதி 9,000. படகுக்கும் வலைக்கும் சேர்த்து 2 பங்கு, ஆளுக்கு 1 பங்கு என்பது பேச்சு. ஆக 6 பங்கு, பங்குக்கு 1,500. படகுக்குக் கூடுதலாகப் போனாலும் யாரும் முறைக்க மாட்டார்கள். இதை 'அன்னோ திவீசோ எக்வமென்தெ இல் குவதாஞ்ஞோ' (வருமானத்தை நியாயமாகப் பிரித்தார்கள்) எனலாம். நாலு பேரும் தலைக்கு 2,250 எடுத்திருந்தால் 'இன் பார்த்தி உக்வாலி', அதாவது சம பங்காக. வேறு விவரம் சொல்லாமல் எக்வமென்தெ என்று மட்டும் சொன்னால், கேட்பவர் சம பங்கு என்றே எடுத்துக்கொள்ளக்கூடும். காசு விஷயத்தில் பங்குக் கணக்கையும் சேர்த்தே சொல்லுங்கள்.

உச்சரிப்பில் நமக்கென்று ஒரு தடுமாற்றம் உண்டு. தமிழில் 'ந்'துக்குப் பின் வரும் 'த' மெலிந்துவிடும், 'பந்து' மாதிரி. இங்கே அது கூடாது. 'பத்து'வில் வரும் வல்லின 'த'வே வேண்டும். அழுத்தம் 'மென்' மேல். கடைசி எகரத்தை நீட்டாதீர்கள்.

'நியாயமான' என்பதற்கு 'எக்வோ'. அதன் பெண்பால் 'எக்வா'வோடு 'மென்தெ' சேர்ந்தால் நம் 'ஆக' சேர்ந்த மாதிரி வினையடை. ஆண், பெண், ஒருமை, பன்மை எதற்கும் மாறாது. லத்தீன் மூலமான 'ஏக்வுஸ்' மேடுபள்ளமில்லாத தரையையும் குறிக்கும். வினைக்குப் பின்னால் வைப்பதே பாதுகாப்பு. யாரிடையே என்பதற்கு 'ஃப்ரா' அல்லது 'த்ரா'.

தமிழில் எல்லாவற்றுக்கும் 'நியாயம்' போட்டுவிடுகிறோம், வம்பு அங்கேதான். 'அவர் கோபப்பட்டது நியாயம்தான்' என்றால் எக்வமென்தெ வராது. 'ஜுஸ்தமென்தெ சி எ அர்ரப்பியாதோ'. நியாயமான விலை 'ப்ரெத்ஸோ எக்வோ'. அங்கே பெயரடை போதும். ஆங்கில 'ஃபேர்லி' வழியாகப் படிப்பவர்கள் 'ஓரளவு நல்லது' என்பதற்கும் இதைப் போடுவார்கள். தப்பு, அதற்கு 'அப்பஸ்தான்ஸா'. ஒலியில் நெருங்கிய 'உக்வல்மென்தெ' வேறு ஆள்: 'சேர வெந்தோ, ம சோனோ உஷீதி உக்வல்மென்தெ' என்றால், காற்று அடித்தும் போனார்கள் என்று பொருள்.

டீக்கடைக் கணக்குக்கு எக்வமென்தெ கொஞ்சம் கனமான சொல். இரண்டு பேர் பாதிப் பாதி என்றால் 'ஃபச்சாமோ அ மெதா'. கூட்டமாகச் சாப்பிட்டுத் தலைக்கு இவ்வளவு என்று போட்டால் 'அல்லா ரொமானா'.