இரட்டை ஓட்டு வழக்கு: ஊராட்சித் தேர்தலில் தோற்றவர்கள் சறுக்கும் இடங்கள்

ஊராட்சித் தலைவர் பதவி ஐந்து ஓட்டில், பத்து ஓட்டில் கைமாறுவது நம் திருநெல்வேலிப் பக்கத்தில் புதிதில்லை. முடிவு தெரிந்த அன்று இரவே தோற்றவர் வீட்டுத் திண்ணையில் கணக்கு தொடங்கிவிடும். "அவனுக்கு திருப்பூர்லயும் ஓட்டு இருக்கு, இங்கேயும் வந்து குத்திட்டுப் போயிருக்காம்லா!" இந்தப் பேச்சு பல நேரம் உண்மையாகவே இருக்கும். ஆனால் அதை வைத்து வழக்கு ஜெயிப்பது அபூர்வம். ஓட்டுப்பதிவு அன்று கையில் எடுத்திருக்க வேண்டியதை எடுக்காமல், முடிவு வந்தபிறகு தேடுவதுதான் முக்கியக் காரணம்.

முதலில், இரட்டை ஓட்டே இல்லாததை இரட்டை ஓட்டு என்று புகார் செய்வது. திருநெல்வேலி, தென்காசி மாவட்டங்களில் 2021 அக்டோபர் 6, 9 தேதிகளில் ஊரக உள்ளாட்சித் தேர்தல் நடந்தபோது ஒவ்வொரு வாக்காளருக்கும் நான்கு ஓட்டு. ஊராட்சித் தலைவருக்கு இளஞ்சிவப்புச் சீட்டு, ஒன்றிய கவுன்சிலருக்குப் பச்சை, மாவட்ட கவுன்சிலருக்கு மஞ்சள், வார்டு உறுப்பினருக்குத் தனியாக ஒன்று. ஒரே ஆள் கத்தையாகச் சீட்டு வைத்திருந்தார் என்று வீடியோ எடுத்து வைத்துக்கொண்டு வழக்குக்குப் போனால் வக்கீலே சிரிப்பார்.

அடுத்தது பெயர்க் குழப்பம். இதில்தான் அதிகம் பேர் விழுகிறார்கள். நாங்குநேரி, ராதாபுரம் பக்கம் ஒரு வாக்காளர் பட்டியலைப் பிரித்துப் பாருங்கள். ஒரே தெருவில் மூன்று இசக்கிமுத்து, நாலு சுடலைமுத்து, பக்கத்துத் தெருவில் இரண்டு பேச்சியம்மாள். குலசாமி பேரை வைக்கிற ஊரில் பெயர் ஒத்துப்போவது எதையும் நிரூபிக்காது. தகப்பன் பெயர், வீட்டு எண், வயது, படம், அடையாள அட்டை எண் எல்லாம் பொருந்த வேண்டும்.

நிஜமான இரட்டைப் பதிவோ வேறு முகத்தோடு இருக்கும். மானூர்ப் பக்கத்துப் பெண் பாப்பாக்குடிக்குக் கல்யாணமாகிப் போகிறாள். பிறந்த ஊர்ப் பட்டியலில் அப்பா பெயரோடு இருக்கிறாள், புகுந்த ஊர்ப் பட்டியலில் புருஷன் பெயரோடு இருக்கிறாள். இனிஷியல் வேறு, வயதும் ஒன்றிரண்டு கூடக்குறைய. பெயரை வைத்துத் தேடினால் இவள் சிக்கமாட்டாள், படத்தை வைத்துத்தான் பிடிக்க முடியும். அப்படிப் பிடித்தாலும் பாதிக் கிணறுதான். இரண்டு இடத்தில் பெயர் இருப்பது வேறு, இரண்டு இடத்தில் ஓட்டுப் போட்டது வேறு. இரண்டாவதைக் காட்ட, இரண்டு வாக்குச்சாவடியிலும் ஓட்டுப் போட்டவர் பெயரை அலுவலர் குறியிட்ட பட்டியல் வேண்டும். வாக்குச்சீட்டின் அடிக்கட்டையும் வேண்டும். இவை சீல் வைத்த உறைக்குள் இருக்கும், நீதிமன்றம் சொன்னால்தான் திறப்பார்கள். வெறும் சந்தேகத்துக்காக எந்த நீதிபதியும் திறக்கச் சொல்லமாட்டார்.

அதனால்தான் வேட்பாளர் சார்பில் சாவடிக்குள் உட்காரும் பூத் ஏஜென்ட் முக்கியம். பல ஊரில் மச்சினனையோ சித்தப்பா மகனையோ உட்கார வைத்துவிட்டு, டீயும் வடையும் அனுப்புவதோடு வேட்பாளர் கடமை முடிந்துவிடுகிறது. வெளியூரில் இருப்பவர், இறந்தவர், வேறு ஊரிலும் பெயர் உள்ளவர் என்று குறித்த பட்டியல் ஏஜென்ட் கையில் இருக்க வேண்டும். சந்தேகப்பட்ட ஆள் வந்து நிற்கும்போதே வாக்குச்சாவடித் தலைமை அலுவலரிடம் ஆட்சேபணை சொல்லிப் பதிவு செய்ய வேண்டும். சாயங்காலம் பெட்டி கிளம்பியபிறகு கத்துவதற்கு மதிப்பில்லை.

உங்கள் ஓட்டையே வேறொருவர் போட்டுவிட்டிருந்தால் திட்டிவிட்டுத் திரும்பி வராதீர்கள். உங்கள் அடையாளத்தைக் காட்டி, நம் ஊரில் டெண்டர் ஓட்டு என்கிற அந்த வாக்குச்சீட்டைக் கேளுங்கள். அதைத் தனி உறையில் வைப்பார்கள், சாதாரண எண்ணிக்கையில் சேர்க்கமாட்டார்கள். ஆனாலும் நாளைக்கு நீதிமன்றத்தில் பேசுகிற சாட்சி அதுதான். அப்புறம், ஒரு பூத்தில் 14 சதவீதத்துக்குமேல் டெண்டர் ஓட்டு விழுந்தால் தானாக மறுவாக்குப்பதிவு என்று ஒவ்வொரு தேர்தலுக்கும் வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி உலாவும். அப்படி ஒரு விதியே கிடையாது.

சரி, வழக்கு. பெரும்பாலோர் முதலில் மதுரைக்கு பஸ் ஏறுகிறார்கள், உயர் நீதிமன்றக் கிளையில் ரிட் போட. அரசியலமைப்பின் 243-ஓ பிரிவு, ஊராட்சித் தேர்தல் முடிவைத் தேர்தல் மனு வழியாக மட்டுமே எதிர்க்க முடியும் என்கிறது. மாநகராட்சி, நகராட்சிக்கு 243-இசட்ஜி அதையே சொல்கிறது. தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994இன் 258ஆம் பிரிவுப்படி, முடிவு வெளியிட்ட நாளிலிருந்து 45 நாளுக்குள் மாவட்ட நீதிபதி முன் மனு போட வேண்டும். நமக்கு அது பாளையங்கோட்டையில். ரிட் தள்ளுபடியாகித் திரும்பி வருவதற்குள் அந்த 45 நாள் கரைந்திருக்கும்.

மனுவை எழுதுவதிலும் கவனம் வேண்டும். "ஏராளமான கள்ள ஓட்டுகள் பதிவாகின" என்ற வரியால் ஒன்றும் நடக்காது. எந்த வார்டு, எந்தச் சாவடி, பட்டியலில் எந்த வரிசை எண், அதே ஆள் வேறெங்கு போட்டார் என்று ஒவ்வொன்றாக எழுத வேண்டும். ராஜஸ்தானின் நாத்துவாரா தொகுதியில் 2008இல் சி.பி. ஜோஷி ஒரே ஒரு ஓட்டில் தோற்றார். ஜெயித்தவரின் மனைவி இரண்டு இடத்தில் ஓட்டுப் போட்டார் என்பது அந்த வழக்கின் குற்றச்சாட்டுகளில் ஒன்று. அது உச்ச நீதிமன்றம் வரை போனபோது, மனுவில் சொல்லாத டெண்டர் ஓட்டுகளைப் பிறகு கணக்கில் கொண்டுவர முடியாது என்று 2011இல் தீர்ப்பு வந்தது. ஒரு ஓட்டு வித்தியாசத்துக்கே அந்த நிலை என்றால், பொத்தாம்பொதுவாக எழுதிய மனுவின் கதியைச் சொல்ல வேண்டியதில்லை.

கணக்கையும் பார்த்துக்கொள்ளுங்கள். அதே ஊராட்சிகள் சட்டத்தின் 259ஆம் பிரிவுப்படி, செல்லாத ஓட்டு சேர்ந்தது மட்டும் போதாது, அதனால் முடிவு பாதிக்கப்பட்டது என்று காட்ட வேண்டும். 37 ஓட்டில் தோற்றுவிட்டு ஐந்து இரட்டை ஓட்டை நிரூபித்தால் பணமும் காலமும்தான் நஷ்டம். காலம் என்றதும் ராதாபுரம் சட்டமன்றத் தொகுதி நினைவுக்கு வருகிறது. 2016இல் 49 ஓட்டில் தோற்ற அப்பாவு, தபால் ஓட்டுகளை நிராகரித்தது தவறு என்று வழக்குப் போட்டார். 2019இல்தான் உயர் நீதிமன்றம் மறு எண்ணிக்கைக்கு உத்தரவிட்டது. எண்ணிய முடிவை வெளியிட உச்ச நீதிமன்றம் தடை போட்டது. 2021இல் அந்தப் பேரவையின் காலமே முடிந்துவிட்டது.

இன்னொரு குழப்பம். இரண்டு இடத்தில் போட்டால் இரண்டு ஓட்டுமே செல்லாது என்பது 1951ஆம் ஆண்டு மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 62ஆம் பிரிவு. அது சட்டமன்றத்துக்கும் நாடாளுமன்றத்துக்கும் உள்ளது. ஊராட்சி மனுவில் அதை அப்படியே எடுத்து ஒட்டாமல், ஊராட்சிகள் சட்டத்தையும் அதன் தேர்தல் விதிகளையும் வைத்து எழுதச் சொல்லுங்கள்.

போலீஸ் புகார் தனிப் பாதை. இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 172ஆம் பிரிவில், ஒருமுறை போட்டவர் அதே தேர்தலில் மறுபடி வாக்குச்சீட்டு கேட்டாலே ஆள்மாறாட்டம்தான். 174ஆம் பிரிவில் ஓராண்டுவரை சிறை அல்லது அபராதம், அல்லது இரண்டும். ஆனால் அவர் சிறைக்குப் போனாலும் நாற்காலி உங்களுக்கு வராது. "அதே தேர்தல்" என்பதையும் கவனியுங்கள். 2021 அக்டோபரில் பாளையங்கோட்டை ஒன்றியத்துக் கிராமத்தில் போட்டவர், 2022 பிப்ரவரி 19இல் திருநெல்வேலி மாநகராட்சி வார்டிலும் போட்டிருந்தால், அது இரண்டு வெவ்வேறு தேர்தல். அங்கே பிடிக்க வேண்டியது இரட்டைப் பதிவை. பொய் உறுதிமொழி கொடுத்துப் பெயர் சேர்த்திருந்தால் 1950ஆம் ஆண்டு மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 31ஆம் பிரிவில் அதற்கும் தண்டனை உண்டு.

உள்ளாட்சிப் பட்டியல் சட்டமன்றப் பட்டியலிலிருந்துதான் எடுக்கப்படுகிறது. எனவே பெயர் நீக்க ஆட்சேபணையைப் படிவம் 7இல் அங்கேயே, தேர்தல் அறிவிப்பு வருவதற்கு வெகு முன்னால் கொடுத்துவிட வேண்டும். வீடு மாறியவர்கள் புதிதாகப் பெயர் சேர்க்கும் படிவம் 6 போடாமல், இடமாற்றத்துக்கான படிவம் 8 போட வேண்டும். புது இடத்தில் புதுசாகச் சேர்ந்துகொண்டு பழையதை அப்படியே விட்டுவிடுவதால்தான் பாதி இரட்டைப் பதிவு.