எந்தக் கில்மரி? அயர்லாந்துக் குடும்ப வேரைத் தேடும் முறை

என் மருமகன் மெல்பர்ன்காரர். அவருடைய அம்மா, அதாவது எங்கள் சம்பந்தியம்மா, பிறந்த வீட்டில் மக்மஹோன். முன்னோர் அயர்லாந்திலிருந்து கப்பலேறி வந்தவர்கள் என்பதைத் தவிர அவருக்கு ஒன்றும் தெரியாது. ஒரு கிறிஸ்துமஸ் விருந்தில், "எங்கள் பக்கமும் தேடித் தருவீர்களா?" என்று கேட்டார். வாயில் கேக் இருந்தது, தலையை ஆட்டிவிட்டேன். ஒரு வார வேலை என்று நினைத்தது ஏழு மாதம் இழுத்தது. அதில் நான்கு மாதம் தப்பான மாவட்டத்தில் போனது. உங்களுக்கு அது நேரக்கூடாது என்றுதான் இந்தப் பதிவு.

மென்பொருளில் வம்சமரம் வரைவது எப்படி என்றெல்லாம் சொல்லப்போவதில்லை. நான் எக்செல் தாளிலேயே எழுதி வைத்தேன். அதுவே போதும்.

முதலில், செய்யக்கூடாதது

பெயரை வைத்துக் குலத்தைத் தேடாதீர்கள். நான் அதைத்தான் செய்தேன். மக்மஹோன் குலச் சங்கம் ஒன்றைக் கண்டுபிடித்து, சந்தா கட்டி, கோட்டைகளின் படங்களை எல்லாம் சம்பந்தியம்மாவுக்கு அனுப்பிவிட்டேன். அத்தனையும் வடக்கே மொனஹன் பகுதியைச் சேர்ந்தவை. இவர்கள் தென்மேற்கே கிளேர்காரர்கள்.

மக்மஹோன் என்றால் ஐரிஷ் மொழியில் 'மஹோனின் மகன்'. மஹோன் என்ற சொல்லுக்குக் கரடி என்று பொருள். இரண்டு இடங்களில் இரண்டு வேறு மஹோன்கள் இருந்தார்கள், இரண்டு வம்சங்கள் கிளைத்தன. கிளேர் மக்மஹோன்கள் அரசன் பிரையன் போருவின் வழியில் வந்த ஓபிரையன்களின் கிளை. மொனஹன்காரர்களுக்கும் அவர்களுக்கும் ரத்த உறவு கிடையாது. பெயர் ஒன்று, குலம் இரண்டு. இன்னும் பல ஐரிஷ் பெயர்களுக்கும் இதே கதைதான்.

படி 1: கடலுக்கு இந்தப் பக்கம்

அயர்லாந்து ஆவணங்களைத் தொடுவதற்கு முன், குடியேறிய நாட்டின் ஆவணங்களைக் கடைசிச் சொட்டுவரை பிழியுங்கள். எங்களுக்கு அதிர்ஷ்டம்: விக்டோரியா மாநில இறப்புச் சான்றிதழில் 1853 முதலே பெற்றோர் பெயர், பிறந்த இடம், குடியேறி எத்தனை ஆண்டு, பிள்ளைகள் யார் என்று எல்லாம் இருக்கும். கூடவே வந்த அண்ணன் தங்கைகளின் சான்றிதழ்களையும் வாங்குங்கள். ஒன்றில் 'அயர்லாந்து' என்று மட்டும் இருக்கும், இன்னொன்றில் ஊர் இருக்கும். பழைய செய்தித்தாள்களின் இரங்கல் குறிப்புகளுக்கு ஆஸ்திரேலிய தேசிய நூலகத்தின் ட்ரோவ் தளம், இலவசம்.

எங்களுக்குக் கிடைத்தது: "கில்மரி, கிளேர் கவுண்டி". கப்பலேறி வந்த முன்னோர் 1849 வாக்கில் பிறந்தவர். அவருடைய தாயின் பிறந்த வீட்டுப் பெயரும் இருந்தது.

படி 2: ஊரைக் கண்டுபிடிப்பது (நான் விழுந்த குழி எண் இரண்டு)

நம்மூரில் தாலுகாவுக்கு ஒரு புதூர் இருப்பதுபோல அயர்லாந்தில் கில்மரி. 'மரியாளின் தேவாலயம்' என்பதுதான் பொருள், எத்தனை ஊருக்கு வேண்டுமானாலும் பொருந்தும். கிளேரில் மட்டும் மூன்று கில்மரி. அதில் ஒன்றின் பெயரே கில்மரி மக்மஹோன்! கண்டதும் துள்ளிக் குதித்தேன். ஆனால் மக்மஹோன்கள் ஆண்ட பகுதியில் வீட்டுக்கு வீடு மக்மஹோன்தான். பெயர் பொருந்துவது அங்கே எதையும் நிரூபிக்காது.

இங்கே நிர்வாகப் பிரிவுகளைப் பற்றி ஒரு வார்த்தை. மிகச் சிறிய அலகு டவுன்லேண்ட். சில வீடுகளும் வயல்களும் சேர்ந்தது, நாடு முழுவதும் அறுபதாயிரத்துக்கும் மேல். அதற்கு மேல் சிவில் பாரிஷ், அதாவது அரசு நிர்வாகத்துக்கான பிரிவு. கத்தோலிக்கப் பங்கு (ஒரு தேவாலயத்துக்கு உட்பட்ட பகுதி) என்பது வேறு, அதன் எல்லை சிவில் பாரிஷோடு பல இடங்களில் ஒத்துப்போகாது, பெயரும் மாறும். பிறப்பு இறப்புப் பதிவு மாவட்டம் இன்னொரு கணக்கு. டவுன்லேண்ட் கையில் கிடைக்கும்வரை நீங்கள் எங்கேயும் போய்ச்சேரவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

முடிச்சு அவிழ்ந்த விதம்: அயர்லாந்தில் எல்லா மதத்தவருக்கும் கட்டாயப் பதிவு தொடங்கியது 1864இல். நம்மவர் பிறந்தது 1849இல், அதனால் பயனில்லை என்று ஒதுக்கிவைத்திருந்தேன். முட்டாள்தனம். ஊரிலேயே தங்கிவிட்ட கடைக்குட்டித் தம்பி பிறந்தது 1866. அரசின் ஐரிஷ் ஜீனியாலஜி தளத்தில் பதிவேட்டின் படத்தையே இலவசமாகப் பார்க்கலாம் (பிறப்பு 100, திருமணம் 75, இறப்பு 50 ஆண்டுகள் கடந்தவை). ஒவ்வொரு படமாகத் திறந்து, தாயின் பிறந்த வீட்டுப் பெயரோடு ஒப்பிட்டேன். நாற்பத்திரண்டாவது படத்தில் அதே தாய், அதே தந்தை, பக்கத்தில் டவுன்லேண்டின் பெயர். உறவினர்கள் இன்னும் அங்கே இருப்பதால் அந்தப் பெயரை இங்கே எழுதவில்லை. தேட வேண்டியது அப்பாவின் பெயரை அல்ல, அம்மாவின் பெயரை.

படி 3: மீதி ஆவணங்கள்

ஞானஸ்நானப் பதிவேடுகள் அயர்லாந்து தேசிய நூலகத்தின் தளத்தில் 2015 முதல் இலவசம். வெறும் படங்கள்தான், பெயர் போட்டுத் தேட முடியாது. பல பங்குகளில் லத்தீன்: ஜேம்ஸ் 'யாகோபுஸ்' ஆகியிருப்பார், வில்லியம் 'குலியெல்முஸ்'. கண் வலித்தால் ரூட்ஸ் அயர்லாந்து இருக்கிறது. மாவட்ட வம்சாவளி மையங்கள் எழுத்தாக்கிய பதிவுகள் அங்கே உண்டு, கட்டணம் உண்டு. ஒரு மாதம் மட்டும் கட்டி, தேட வேண்டியதைப் பட்டியல் போட்டுக்கொண்டு உட்காருங்கள்.

மக்கள்தொகைக் கணக்கு 1901, 1911 இரண்டும் தேசிய ஆவணக்காப்பகத்தில் இலவசம். அதற்கு முந்தையவை ஏறக்குறைய இல்லை. 1821 முதல் 1851 வரையிலானவற்றில் பெரும்பகுதி, 1922 ஜூன் 30 அன்று உள்நாட்டுப் போரில் டப்ளின் ஃபோர் கோர்ட்ஸ் வளாகத்து ஆவணக்காப்பகத்தோடு எரிந்தது. 1861, 1871 தாள்களை அரசே அழித்தது. 1881, 1891 முதல் உலகப்போர்க் காலத்தில் காகிதக் கூழானது. போரைக்கூட மன்னிக்கலாம், கூழாக்கியதை எப்படி மன்னிப்பது?

வயதை நம்பாதீர்கள். 1901இல் 50 என்று எழுதியவர் 1911இல் 66 ஆகியிருப்பார். இடையில் 70 வயதுக்காரர்களுக்கு ஓய்வூதியம் தரும் சட்டம் 1908இல் வந்துவிட்டது, அதன் மகிமை. அந்த வயதை நிரூபிக்க அதிகாரிகள் 1841, 1851 கணக்கெடுப்புத் தாள்களைப் புரட்டிக் குறித்த படிவங்கள் தப்பிப் பிழைத்திருக்கின்றன. எரிந்துபோன பக்கங்களின் துளிகள் அவற்றில் கிடைக்கும். தேசிய ஆவணக்காப்பகத் தளத்திலேயே தேடலாம்.

நிலத்துக்குக் கிரிஃபித் மதிப்பீடு, 1847 முதல் 1864 வரை. யார் எந்த டவுன்லேண்டில் யாருடைய குத்தகைதாரர் என்று வரைபடத்தோடு சொல்லும். கிளேர் என்றால் கிளேர் மாவட்ட நூலகத்தின் தளத்துக்கே முதலில் போங்கள். தன்னார்வலர்கள் எழுத்தாக்கி வைத்திருப்பதைப் பார்த்தால் கைகூப்பத் தோன்றும்.

படி 4: இப்போது குலச் சங்கம்

டவுன்லேண்ட் கிடைத்தபின் குல அமைப்புகள் உண்மையிலேயே சுவையானவை. 'கிளான்ஸ் ஆஃப் அயர்லாந்து' 1989இல் தொடங்கியது, ஐரிஷ் பெயர் ஃபின்தே ந ஹேரன். தகுதியுள்ள குலச் சங்கங்களின் பதிவேட்டைப் பராமரிக்கிறது. அந்தப் பதிவேட்டில் உங்கள் பகுதிக்குரிய சங்கம் உண்டா என்று பார்த்துவிட்டுச் சந்தா கட்டுங்கள். உயிரோடிருக்கும் உறவினர்களைத் தேடுகிறீர்களா? அதற்கு 'அயர்லாந்து ரீச்சிங் அவுட்' மேல். பங்குவாரியாக உள்ளூர்த் தன்னார்வலர்கள் பதில் எழுதுவார்கள்.

குலச் சின்னம் பொறித்த கோப்பை வாங்காதீர்கள். மரபுச் சின்னம் ஒருவருக்கு வழங்கப்படுவது, குடும்பப் பெயருக்கு அல்ல. அதை வழங்கும் அலுவலகம் 1552இல் தோன்றியது, 1943இல் ஐரிஷ் அரசின் கைக்கு வந்தது. குலத்தலைவர்களை அரசு அங்கீகரிக்கும் வழக்கமும் இருந்தது. அங்கீகாரம் பெற்ற ஒருவருடைய வம்சாவளியே போலி என்று தெரியவந்த பிறகு, 2003இல் அதை நிறுத்திவிட்டார்கள்.

பின்சேர்க்கை 1: வடக்கே ஆறு கவுண்டிகள், அதாவது வட அயர்லாந்து, பற்றிக் கேட்டிருந்தார் ஒருவர். பெல்ஃபாஸ்ட் பொது ஆவண அலுவலகத்தின் தளத்தைப் பாருங்கள். ஆனால் 1921 வரையிலான அந்த ஆறு கவுண்டிகளின் பிறப்புப் பதிவுகள் மேலே சொன்ன ஐரிஷ் ஜீனியாலஜி தளத்திலும் உண்டு.

பின்சேர்க்கை 2: பெரம்பூரிலிருந்து ஓர் ஆங்கிலோ இந்திய வாசகர்: "தாத்தாவின் தாத்தா ஐரிஷ் சிப்பாய், மதராஸிலேயே இறந்துவிட்டார். எங்கே தொடங்குவது?" படி 1 உங்களுக்கு மதராஸ்தான். மதராஸ் மாகாணத்து ஞானஸ்நான, திருமண, அடக்கப் பதிவுகள் லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தின் இந்தியா ஆபீஸ் தொகுப்பில் என்/2 வரிசை. ஃபிபிஸ் என்ற சங்கத்தின் தேடுதளம் இலவசம், அங்கிருந்து தொடங்குங்கள். படைப்பிரிவின் பெயரைக் குறித்துக்கொள்ளும்போது கவனம்: மதராஸ் ஃபியூசிலியர்ஸ் 1881இல் பம்பாய் ஃபியூசிலியர்ஸோடு இணைந்து 'ராயல் டப்ளின் ஃபியூசிலியர்ஸ்' ஆனது. அந்தப் பெயரைப் பார்த்து அவர் டப்ளின்காரர் என்று முடிவுகட்டிவிடாதீர்கள்.