தஞ்சாவூர்க் கலைக்கூடத்துக்குப் பெரியப்பாவோடு போகிறவர்களுக்கு

ஊருக்குப் போகும்போது அருங்காட்சியகம், கலைக்கூடம் என்று எங்காவது வழிகாட்டி வைத்துச் சுற்றிப் பார்க்கும் திட்டம் இருந்தால், அதைச் சொந்தக்காரர்களிடம் முந்தின நாள் ராத்திரி வரைக்கும் வாய் திறந்து சொல்லாதீர்கள். மாத்திரை, கொசுவத்தி, சிம் கார்டு பற்றியெல்லாம் எழுத ஆள் இருக்கிறார்கள். இதை யாரும் எழுதுவதில்லை.

நான் சொன்னேன். கல்யாண வீட்டுப் பந்தியில் வைத்துச் சொன்னேன். அஞ்சு பேர், ஒரு வழிகாட்டி, காலையில் இரண்டு மணி நேரம், பிள்ளைகளுக்குச் சோழர் செப்புத் திருமேனிகளைக் காட்டிவிட்டு மதியச் சாப்பாட்டுக்குத் திரும்புவது என்று பேசிவைத்திருந்தது, விடிந்து பார்த்தால் இரண்டு வேன். அத்தை புளியோதரை கட்டிக்கொண்டு வந்திருந்தார். பெரியப்பா வெள்ளை வேட்டி, மஞ்சள் பை, பைக்குள் ஒரு பழைய கோப்பு. அந்தக் கோப்பைப் பார்த்தபோதே எனக்கு ஏதோ உறுத்தியது.

முதலில் இடத்தைப் பற்றி. தஞ்சாவூர் அரண்மனை வளாகத்துக்குள், நாயக்கர் தர்பார் மண்டபத்தில்தான் கலைக்கூடம் இருக்கிறது. 1951இல் தொடங்கியது. மாவட்டத்தில் இடிந்த கோயில்களில் கேட்பாரற்றுக் கிடந்த சிலைகளையும், மண்ணுக்கடியிலிருந்து கிடைத்தவற்றையும் இங்கே கொண்டுவந்து சேர்த்தார்கள். நிலத்தை உழும்போதோ அஸ்திவாரம் தோண்டும்போதோ சாமி சிலை கிடைத்தால் கலெக்டருக்குத் தகவல் போக வேண்டும். 1878ஆம் ஆண்டுப் புதையல் சட்டம் இன்றைக்கும் அதைத்தான் சொல்கிறது. நம் ஊர் அருங்காட்சியகங்களில் இருக்கிற செப்புத் திருமேனிகளில் நிறைய இப்படி வந்தவைதான். படையெடுப்புக் காலத்தில் பயந்து புதைத்தவர்கள் திரும்பி வந்து எடுக்கவில்லை. எடுக்க ஆள் இல்லை. ஊரை விட்டுப் போனவர்கள் என்ன ஆனார்கள் என்று யாருக்குத் தெரியும்.

சரி, வழிகாட்டி. வாசலில் வந்து கையைப் பிடித்து இழுப்பவரை வைத்துக்கொள்ள வேண்டாம். சுற்றுலாத் துறை உரிம அட்டை இருக்கிறதா என்று பாருங்கள், கட்டணத்தை முதலிலேயே பேசிக்கொள்ளுங்கள், கடைக்கு அழைத்துப் போகக் கூடாது என்பதையும் அப்போதே சொல்லிவிடுங்கள். ஆறு பேருக்கு மேல் போனால் பின்னால் நிற்பவர்களுக்குக் காதில் ஒன்றும் விழாது, அவர்கள் போனை எடுத்துவிடுவார்கள். எங்களுக்குக் கிடைத்தது வரலாறு படித்த ஒரு இளம்பெண். வேன்களைப் பார்த்ததும் முகம் ஒரு கணம் மாறியது, அப்புறம் சமாளித்துக்கொண்டாள். இன்னொன்று: ஓசிஐ அட்டை (வெளிநாட்டுக் குடியுரிமை வாங்கிய இந்திய வம்சாவளியினருக்கு நம் அரசு தரும் அட்டை) வைத்திருப்பவர்கள் அதைக் கையோடு எடுத்துப் போங்கள். நினைவுச் சின்னங்களிலும் அருங்காட்சியகங்களிலும் அவர்களுக்கு இந்தியர்களுக்கான நுழைவுக் கட்டணம்தான் என்று 2021இல் மத்திய அரசு அறிவித்திருக்கிறது.

உள்ளே போனதும் நேராக ரிஷபவாகனரிடம், அதாவது காளையின் மேல் கை சாய்த்து நிற்கும் சிவனிடம், போய்விடுங்கள், மற்றது அப்புறம். திருவெண்காட்டில் மண்ணுக்கடியில் கிடைத்தவர். ராஜராஜன் காலத்துக் கடைசியில், 1011இல் வார்த்தது. பக்கத்தில் நிற்கிற அம்மன் அதற்கு அடுத்த வருஷம். காளை இல்லை, தொலைந்துவிட்டது. ஆனால் காளையின் மேல் சாய்ந்த கை அப்படியே அந்தரத்தில் நிற்கிறது, மணிக்கட்டு தளர்ந்து, விரல்கள் தொங்க, ஒரு காலை மறுகாலின் குறுக்கே ஊன்றி. தலையில் சடையைத் தலைப்பாகை மாதிரிச் சுற்றி, சுற்றுக்குள் பாம்புகள் நெளிகின்றன. என் மகள் அந்தக் கைக்குக் கீழே இருந்த காலி இடத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். "மாடு எங்கப்பா?" என்று கேட்டாள், பதில் சொல்ல எனக்கு ஒன்றும் இல்லை.

பின்பக்கம் பார்க்க வழி இருக்கிற சிலைகளைப் பின்னாலும் போய்ப் பாருங்கள். தலைக்குப் பின்னால் சிரச்சக்கரம், அதிலிருந்து கழுத்தில் இறங்கும் சுருள் முடி. அலங்காரம் செய்த பிறகு யார் கண்ணிலும் படாத இடத்தில் ஸ்தபதி எவ்வளவு வேலை செய்திருக்கிறார் என்று தெரியும். பீடத்தில் ஓட்டைகளும் வளையங்களும் இருக்கும், வீதியுலாவுக்குத் தண்டு செருகுவதற்கு. இவை எல்லாம் நடந்து திரிந்த சாமிகள். ஒரே இடத்தில் நின்றது இங்கே வந்த பிறகுதான்.

இந்த இடத்தில்தான் பெரியப்பா ஒரு சோமாஸ்கந்தர் முன்னால் நின்றுவிட்டார்.

சிவன், பக்கத்தில் உமை, நடுவில் கந்தன் இருக்க வேண்டிய இடம் காலி. நிறைய சோமாஸ்கந்தர்களில் அப்படித்தான், கந்தனைத் தனியாக வார்த்துச் செருகியிருப்பார்கள், அது முதலில் தொலைந்துபோகும். பெரியப்பா அதைப் பார்த்துவிட்டு, "இது நம்ம ஊர்ச் சாமி" என்றார். எங்கள் ஊர்ச் சிவன் கோயிலில் அவர் சின்னப் பையனாக இருந்தபோது ஒரு சோமாஸ்கந்தர் இருந்ததாம், அறுபதுகளில் ஒரு நாள் காணாமல்போனதாம், போலீசில் எழுதிக் கொடுத்தார்களா என்று யாருக்கும் தெரியாது. மிச்சம் இருந்த திருமேனிகளைப் திருவாரூரில் இருக்கிற சிலைப் பாதுகாப்பு மையத்துக்குக் கொண்டுபோய் வைத்துவிட்டார்கள். கோயிலில் இப்போது மூலவர் மட்டும். விளக்குப் போடுவது பெரியப்பா. நான் அந்தக் கோயிலுக்குப் போய் எத்தனை வருஷம் ஆயிற்று என்று அவர் கேட்கவில்லை. கேட்கவில்லை என்பதை நான் கவனித்தேன்.

அந்தப் பெண் பொறுமையாகத்தான் சொன்னாள். "ஐயா, தினமும் அபிஷேகம் பண்ணி, புளி போட்டுத் தேய்ச்ச சாமின்னா மூக்கு, உதடெல்லாம் மழுங்கியிருக்கும். இதைப் பாருங்க, புருவம் வரைக்கும் கூர்மையா இருக்கு. பச்சை பிடிச்சிருக்கு. இது ரொம்ப நாள் மண்ணுக்குள்ள இருந்த சாமி. உங்க ஊர்ச் சாமி பூஜையில இருந்தது இல்லையா?"

"ஏம்மா, புளி போட்டுத் தேய்ச்சதே நான்தாம்மா" என்றார் பெரியப்பா. "எனக்குத் தெரியாதா?"

அரை மணி நேரம் இது நடந்தது. அத்தை அதற்குள் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு, பையிலிருந்து விபூதியை எடுத்துவிட்டார், காவலர் ஓடி வந்தார். கற்பூரம் இருக்கிறதா என்று அவர் கேட்டதும் அத்தை பையை மார்போடு அணைத்துக்கொண்டார், அதாவது இருந்தது. எங்கள் பின்னால் வந்த வேறு ஒரு குழு சுற்றிக்கொண்டு போனது. பிள்ளைகள் வெளியே மணிக்கூண்டுப் பக்கம் திமிங்கலத்தின் எலும்புக்கூட்டைப் பார்க்கப் போய்விட்டார்கள். வழிகாட்டி வைத்துச் சுற்றுகிற அந்தக் காலையில், தாராசுரத்துக் கஜசம்ஹாரரையோ திருவெண்காட்டுப் பிச்சாடனரையோ நாங்கள் நின்று பார்க்கவே இல்லை. நீங்களாவது பாருங்கள்.

கதை அதோடு முடிந்திருந்தால் இதை எழுதியிருக்க மாட்டேன். மறுநாள் காலை பெரியப்பா என்னை ஓர் அலுவலகத்துக்கு இழுத்துக்கொண்டு போனார். எந்த அலுவலகம் என்பது வேண்டாம், அங்கே இருந்தவர்கள் மேல் ஒரு குறையும் இல்லை. மஞ்சள் பைக் கோப்பில் முன்பே தட்டச்சு செய்த மனு இருந்தது: அந்தச் சிலை எந்த ஊரிலிருந்து, எந்த ஆண்டு, யார் ஒப்படைத்து வந்தது என்று வரவுப் பதிவேட்டின் நகல் வேண்டும். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ். பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லையும் ஒட்டியிருந்தது. கீழே என் பெயர். என் ஊர் முகவரி, பக்கத்திலேயே 'டொரன்டோ' என்று. "வெளிநாட்டுல இருக்கிறவன் பேரு இருந்தாத்தான் பதில் வரும்" என்பது அவருடைய கணக்கு. ஆக, நான் கல்யாணத்துக்கு வருவதற்கு முன்பே, கலைக்கூடம் என்று நான் வாய் திறப்பதற்கு முன்பே இது தயாராக இருந்திருக்கிறது. எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை.

காத்திருந்தோம். மின்விசிறி ஒன்று சுற்றியது, இன்னொன்று சுற்றவில்லை. சுற்றாததன் கீழே எங்கள் பெஞ்சு. உணவு இடைவேளை முடிந்து வந்த அலுவலக அம்மா மனுவை மேலிருந்து கீழே படித்துவிட்டு, டொரன்டோ என்ற சொல்லின் மேல் பேனா முனையை வைத்துக் கேட்டார்: "சார், நீங்க இந்தியக் குடிமகனா?"

இதைக் குறித்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் உங்கள் வீட்டிலும் யாராவது ஒரு மனுவோடு காத்திருப்பார்கள். அந்தச் சட்டத்தின் கீழ் தகவல் கேட்கும் உரிமை இந்தியக் குடிமக்களுக்கு மட்டும். இந்தியப் பாஸ்போர்ட்டோடு வெளிநாட்டில் வேலை பார்ப்பவர்கள் தாராளமாகக் கேட்கலாம். பாஸ்போர்ட்டை மாற்றிக்கொண்டு ஓசிஐ அட்டை வாங்கியவர்கள் கேட்க முடியாது. வாழ்நாள் விசா, பெரிய தடையில்லாமல் வந்துபோகலாம், வீடு வாங்கலாம், டிக்கெட்டில் கூடச் சலுகை. ஆனால் குடியுரிமை அல்ல. பயிர் நிலம் வாங்க முடியாது, ஓட்டுப் போட முடியாது, எங்கள் ஊர்ச் சாமி எங்கே போனது என்று பத்து ரூபாய் வில்லை ஒட்டிக் கேட்கவும் முடியாது.

"இல்லை" என்றேன். பெரியப்பா என்னைத் திரும்பிப் பார்த்தார். மாற்றிக்கொண்டேன் என்று அவருக்குத் தெரியாது என்பதல்ல, தெரியும், அப்பாதான் அப்போது ஊர் முழுக்கச் சொன்னார். ஆனால் அதற்கு இப்படி ஓர் அர்த்தம் இருக்கும் என்று அவர் நினைத்துப் பார்த்திருக்கவில்லை. நானும்தான். பேனாவை வாங்கி என் பெயரை அடித்துவிட்டுத் தன் பெயரை எழுதினார். கை கொஞ்சம் நடுங்கியது, வயசு. அந்த அம்மா, அடித்து எழுதியது செல்லாது ஐயா, புதுசாக எழுதிக் கொடுங்கள் என்று ஒரு வெள்ளைத் தாளை நீட்டினார். வில்லையும் புதிதாக வாங்க வேண்டியிருந்தது. வெளியே அலைந்து வாங்கிக் கொடுத்தது நான், அந்த அளவுக்கு எனக்கு உரிமை இருந்தது.

இதில் வேடிக்கை என்னவென்றால் நம் நாட்டுச் சட்டப்படி கோயில் தெய்வமே ஒரு நபர்தான், சொத்து வைத்துக்கொள்ளலாம், வழக்காடலாம். தமிழ்நாட்டிலிருந்து கடத்தப்பட்டு லண்டனில் சிக்கிய பத்தூர் நடராஜர் வழக்கில் லண்டன் மேல்முறையீட்டு நீதிமன்றமே 1991இல் இடிந்து கிடந்த கோயில் ஒன்று வாதியாக நிற்கலாம் என்று ஒப்புக்கொண்டு, நடராஜரைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னது. சோமாஸ்கந்தர் நினைத்தால் என்னைத் தேடி மனுப் போடலாம். என்னால் அவரைத் தேடிப் போட முடியாது.

உருப்படியான ஒரு தகவல் கிடைத்ததும் அந்த வழிகாட்டிப் பெண்ணிடமிருந்துதான். சாயங்காலம் போன் பண்ணி மன்னிப்புக் கேட்டபோது சொன்னாள்: புதுச்சேரியில் இருக்கிற பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் 1950களின் பிற்பகுதியிலிருந்தே தமிழ்நாட்டுக் கோயில்களையும் சிலைகளையும் ஊர் ஊராகப் போய்ப் படம் எடுத்துச் சேர்த்து வைத்திருக்கிறது, ஒரு லட்சத்துக்கும் மேல். காணாமல்போன சிலைகளை அடையாளம் காட்டியது பல தடவை அந்தப் படங்கள்தான். ஆஸ்திரேலியாவின் தேசியக் கலைக்கூடம் விலைக்கு வாங்கி, 2014இல் திருப்பிக் கொடுத்த ஸ்ரீபுரந்தான் நடராஜர் விஷயத்திலும் அப்படித்தான். உங்கள் ஊர்ப் பெரியவர்களுக்கும் இப்படி ஒரு சாமி இருந்தால் வழிகாட்டியிடம் சண்டை போட வேண்டாம், பழைய படம் இருக்கிறதா என்று முதலில் தேடுங்கள்.

சென்னை வழியாகத் திரும்புகிறவர்கள் எழும்பூர் அருங்காட்சியகத்தை விட்டுவிடாதீர்கள். வெள்ளிக்கிழமை விடுமுறை. செப்புத் திருமேனிக் கூடத்தில் திருவாலங்காட்டு நடராஜர் இருக்கிறார். பிரெஞ்சுச் சிற்பி ரொடான் புகைப்படத்தில் மட்டும் பார்த்துவிட்டு உருகி உருகி எழுதியது இவரைப் பற்றித்தான். திருவெண்காட்டு அர்த்தநாரீசுவரரும் அங்கேதான். தஞ்சாவூரில் ரிஷபவாகனரைப் பார்த்த கண்ணோடு போய்ப் பார்க்க வேண்டும். சொந்தக்காரர்கள் இல்லாமல் போனேன், நன்றாக இருந்தது, ஒரு மாதிரியாகவும் இருந்தது.

சிலை வாங்க நினைத்தால் சுவாமிமலையில் ஸ்தபதிகளிடம் புதிதாக வார்த்ததை ரசீதோடு வாங்குங்கள். இது தொல்பொருள் அல்ல என்று தொல்லியல் துறை கொடுக்கும் சான்றிதழும் இருந்தால் விமான நிலையத்தில் வாதாட வேண்டியிருக்காது, அதற்கு நாள் ஆகும், புறப்படுகிற வாரத்தில் தொடங்காதீர்கள். பாட்டி பூஜை அறையில் இருந்த சாமியை மட்டும், அத்தை எவ்வளவு அழுதாலும், பெட்டியில் வைத்துக்கொண்டு கிளம்பாதீர்கள். நூறு வருஷம் தாண்டியிருந்தால் அது 1972ஆம் ஆண்டுச் சட்டப்படி தொல்பொருள், நாட்டை விட்டுப் போகக் கூடாது.

பெரியப்பாவின் மனுவுக்குப் பதில் வந்துவிட்டது. கேட்ட தகவல் வேறொரு அலுவலகத்தைச் சேர்ந்தது, அங்கே மாற்றி அனுப்பியிருக்கிறோம் என்று ஒரு பக்கம். அதைப் படம் எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு, புதுச்சேரிக்குப் போகப் பணம் கேட்டிருந்தார். அந்த வழிகாட்டிப் பெண்ணையும் கூட அழைத்துப் போகிறாராம், அவளுக்கு ஒரு நாள் கட்டணம் தனியாக அனுப்பச் சொல்லியிருக்கிறார்.