வாடை இல்லாத ஆபத்து: சிங்கப்பூரில் நகக் கடை நடத்துவோருக்கான செய்முறைக் குறிப்புகள்

அக்ரிலிக் நகம் போடும் கடையைக் கண்ணை மூடிக்கொண்டே கண்டுபிடித்துவிடலாம். கடைத்தொகுதியில் நாலு கடை தள்ளி நிற்கும்போதே வாடை மூக்கில் ஏறும். ஜெல் மட்டும் போடும் கடையில் அந்த வாடை கிடையாது. அதனால் அக்ரிலிக் முரடு, ஜெல் சாது என்று ஒரு நம்பிக்கை இந்தத் தொழிலில் ஊறிப்போயிருக்கிறது. வாடை தலைவலி தரும், கண்ணை எரிக்கும், உண்மைதான். ஆனால் நகம் போடுபவரைத் தொழிலை விட்டே எழுப்பிவிடுவது பெரும்பாலும் மூக்கில் ஏறுவதல்ல, விரலில் ஒட்டுவது.

காரணம் எளிது. ஜெல், பில்டர் ஜெல் (நகத்தைத் தடிமனாக்கப் போடுவது), அக்ரிலிக் மூன்றுமே அக்ரிலேட் என்ற ரசாயனக் குடும்பம். நக லேம்பின் புற ஊதா வெளிச்சத்திலோ பவுடருடன் சேர்ந்தோ முழுதாக இறுகிவிட்டால் அவற்றால் பெரிய தொல்லை இல்லை. இறுகாத நிலையில் அவற்றின் மூலக்கூறுகள் சிறியவை. குறிப்பாக லேபிளில் ஹெச்இஎம்ஏ என்று வருவது (பேச்சில் ‘ஹீமா’) தோலுக்குள் சுலபமாக இறங்கும். மாதக்கணக்கில் துளித்துளியாகப் பட்டுக்கொண்டே இருக்கும், ஒன்றும் தெரியாது. ஒருநாள் உடம்பு அதை எதிரியாக அடையாளம் வைத்துக்கொள்ளும். அதன் பிறகு அந்த ஒவ்வாமை போவதில்லை. பல் அடைக்கும் பசையிலும், மூட்டு மாற்று அறுவை சிகிச்சையின் சிமெண்டிலும் இதே குடும்பத்து ரசாயனங்கள் இருப்பதால், பிற்காலத்தில் மருத்துவரிடமும் இதைச் சொல்லியாக வேண்டியிருக்கும்.

முதலில் எங்கே தெரியும் என்று பார்த்துக்கொள்ளுங்கள். வலக்கைப் பழக்கம் உள்ளவர் வாடிக்கையாளரின் விரலை இடக்கையால் பிடிப்பார். அந்தக் கையின் பெருவிரல், ஆள்காட்டி, நடுவிரல் நுனிகளில் தோல் காய்ந்து, வெடித்து, அரிக்கும். சிலருக்கு இமை வீங்கும், ஜெல் பட்ட கையால் கண்ணைத் தேய்த்திருப்பார்கள். இதைச் சோப்பு ஒத்துக்கொள்ளவில்லை என்று கிரீம் தடவி மறைத்துக்கொண்டு வேலை பார்ப்பதுதான் செய்யக்கூடாத முதல் காரியம்.

தோலில் படாமல் ஜெல் போடுவது

பேஸ் கோட்டை, அதாவது முதல் பூச்சை, நகத்தின் சுற்றுத்தோலிலிருந்து அரை மில்லிமீட்டராவது தள்ளி நிறுத்துங்கள். தோலில் வழிந்துவிட்டால் லேம்புக்குள் கையை விடுவதற்கு முன்பே மரக்குச்சியால் வழித்தெடுங்கள். வழிந்ததை அப்படியே இறுக வைத்தால் இரண்டு நஷ்டம்: தோலுக்கும் கெடுதல், அந்த ஓரத்திலிருந்தே ஜெல் தூக்கவும் ஆரம்பிக்கும்.

கோட் மெல்லியதாக இருக்கட்டும். தடித்த கோட்டில் மேல்பக்கம் மட்டும் இறுகி, அடியில் பச்சையாகவே நிற்கும். லேம்புக்குள் விரல் சுரீரென்று சுடுகிறது என்று வாடிக்கையாளர் கையை இழுத்தால் அதுவும் தடிமனின் கோளாறுதான். இறுகும்போது வெப்பம் கிளம்பும். கையை வெளியே எடுத்து, சூடு அடங்கியதும் மறுபடி வைத்து, நேரத்தை முழுமையாக முடிக்கச் சொல்லுங்கள். பாதியில் விட்டுவிட்டு அடுத்த கோட்டுக்குப் போகாதீர்கள்.

லேம்ப் விஷயத்தில் வாட் எண்ணைப் பார்த்து ஏமாற வேண்டாம். ஜெல்லை இறுகத் தொடங்கவைக்கும் தூண்டுபொருள் குறிப்பிட்ட அலைநீளத்துக்குத்தான் வேலை செய்யும், பொதுவாக 365 அல்லது 405 நானோமீட்டரை ஒட்டி. ஒரு நிறுவனத்தின் ஜெல்லை இன்னொன்றின் லேம்பில் காயவைத்தால் தொட்டுப் பார்க்கக் கெட்டியாகத்தான் இருக்கும், உள்ளே இறுகியிருக்காது. ஜெல் நிறுவனம் சொல்லும் லேம்பையே வாங்குங்கள். நாலு விரலை ஒருமுறை, பெருவிரலைத் தனியாக ஒருமுறை வையுங்கள். ஐந்தையும் சேர்த்து வைத்தால் பெருவிரல் சாய்ந்துகொள்ளும், அதன் பக்கவாட்டில் வெளிச்சம் விழாது. புற ஊதா ஒளி குறித்துக் கேட்பவர்களுக்கு நுனி வெட்டிய கையுறை ஒன்று கொடுத்தால் போதும்.

கடைசி கோட்டுக்குப் பிறகு சில ஜெல்களில் பிசுபிசுப்பாக ஒரு படலம் நிற்கும். காற்று பட்டதால் இறுகாமல் போன ஜெல் அது. பஞ்சு உதிராத துணியில் ஆல்கஹால் நனைத்து, அடியிலிருந்து நுனிக்கு ஒரே இழுப்பாகத் துடைத்தெடுங்கள். வட்டமாகத் தேய்த்தால் அதைச் சுற்றுத்தோலில் பூசிவிடுகிறீர்கள். துடைத்த துணியை லேம்புக்குள் ஒரு நிமிடம் வைத்து இறுக்கி, மூடியுள்ள தொட்டியில் போடுங்கள்.

இவ்வளவும் சரியாகச் செய்பவர்களுக்குக்கூட ஒவ்வாமை வருகிறதே, எப்படி? பிரஷ்ஷின் பிடியைப் பாருங்கள். பாட்டிலின் கழுத்து, லேம்பின் விளிம்பு, கைபேசித் திரை, எல்லாவற்றிலும் லேசாக ஒரு பிசுக்கு இருக்கும். நகத்தில் போட்டது முப்பது நிமிட வேலை, பிடியைப் பிடித்திருப்பது நாள் முழுக்க. ஒவ்வொரு வாடிக்கையாளருக்கும் நடுவில் இவற்றைத் துடைப்பதை வழக்கமாக்கிக்கொள்ளுங்கள்.

கையுறை நைட்ரைலாக இருக்கட்டும், லேடெக்ஸ் வேண்டாம். மெல்லிய நைட்ரைலையும் அக்ரிலேட் சில நிமிடங்களில் ஊடுருவிவிடும். ஆகவே கையுறை கவசமல்ல, கொஞ்ச நேரத் தடுப்பு. ஜெல் பட்டதும் கழற்றிப் போடுங்கள், படாவிட்டாலும் ஆளுக்கு ஒரு ஜோடி. அசிட்டோனுக்கு நைட்ரைல் தாக்குப்பிடிக்காது. விரலை அதில் நனைக்கும் வேலையே வராதபடி இடுக்கி, பம்ப் பாட்டில் வைத்துக்கொள்வது நல்லது.

வெறுந்தோலில் ஜெல் பட்டுவிட்டால் அசிட்டோனாலோ ஆல்கஹாலாலோ துடைக்கக் கூடாது. அவை ஜெல்லைக் கரைத்து உள்ளே அனுப்பிவைக்கும். காய்ந்த டிஷ்யூவால் ஒற்றியெடுத்து, சோப்புப் போட்டுக் கழுவுங்கள்.

வாங்கும்போது பார்க்க வேண்டியது

சிங்கப்பூரில் விற்கப்படும் அழகுப் பொருள்களை விற்பனைக்கு வருமுன் சுகாதார அறிவியல் ஆணையத்திடம் அறிவித்திருக்க வேண்டும். இணையத்தில் பத்து வெள்ளிக்கு வரும் பெட்டிகளில் பலவற்றில் உட்பொருள் பட்டியலே இருக்காது. பட்டியல் இல்லாத பாட்டில் எவ்வளவு அழகான நிறமாக இருந்தாலும் கடைக்குள் வரக்கூடாது. விநியோகிப்பவரிடம் பாதுகாப்புத் தரவுத் தாளைக் கேளுங்கள். தர மறுத்தால் கடையை மாற்றுங்கள்.

ஐரோப்பிய ஒன்றியம் ஹீமா உள்ள நகப்பொருள்களில் ‘தொழில்முறைப் பயன்பாட்டுக்கு மட்டும்’ என்று எழுதியிருக்க வேண்டும் என்றது. டிபிஓ என்ற தூண்டுபொருளை அழகுப் பொருள்களில் 2025 செப்டம்பர் 1 முதல் தடையே செய்துவிட்டது. அங்கே விற்க முடியாத சரக்கு மலிவாக வேறு ஊர்களுக்கு வருவது உலக வழக்கம். தள்ளுபடியைப் பார்த்து மயங்காமல் லேபிளைத் திருப்பிப் பாருங்கள்.

அக்ரிலிக் திரவத்தில் இருக்க வேண்டியது எத்தில் மெத்தக்ரிலேட். மலிவுச் சரக்கில் மெத்தில் மெத்தக்ரிலேட் இருக்கலாம். அமெரிக்காவில் 1970-களிலேயே இதன்மேல் நடவடிக்கை எடுத்தார்கள். கண்டுபிடிக்க வழி உண்டு: கல்லைப் போல இறுகும், அரை மணி நேரம் அசிட்டோனில் ஊறினாலும் இளகாது, கதவிடுக்கில் மாட்டினால் போலி நகம் உடையாமல் சொந்த நகத்தைப் பிய்த்துக்கொண்டு வரும்.

காற்றும் நெருப்பும்

சுவரில் மாட்டிய ஏர்கான் காற்றைக் குளிர்விக்கும், புதுக்காற்றைக் கொண்டுவராது. அதே ஆவியும் தூசியும்தான் நாள் முழுக்கச் சுற்றும். மேசையிலேயே உறிஞ்சும் விசிறி வேண்டும், அதன் வாய் வாடிக்கையாளரின் விரலுக்குக் கீழோ பக்கத்திலோ இருக்க வேண்டும். தலைக்கு மேல் வைத்தால் ஆவி உங்கள் மூக்கு வழியாகத்தான் அதற்குப் போய்ச் சேரும். தூசி மட்டும் பிடிக்கும் வடிகட்டி ஆவியைப் பிடிக்காது, அதற்குக் கரித்தூள் வடிகட்டி வேண்டும். முகக்கவசத்துக்கும் இதே கணக்கு: அறுவைக் கவசம் தூசிக்கே அரைகுறை, என்95 தூசிக்கு நல்லது, வாடைக்கு இரண்டும் உதவாது.

வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டில் தொழில் நடத்துபவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. வீட்டிலிருந்து சிறு அளவில் செய்யலாம். ஆனால் அங்கே குடியிருப்பவரே செய்ய வேண்டும், வெளியாளை வேலைக்கு வைக்கவோ பெயர்ப்பலகை மாட்டவோ கூடாது. சட்டத்தைவிட அவசரமானது சாமி விளக்கு. அசிட்டோன் மைனஸ் 20 டிகிரியிலேயே தீப்பற்றும் ஆவியை விடும், நம் ஊர் வெயிலில் கேட்கவே வேண்டாம். அந்த ஆவி காற்றைவிட கனமானது, தரையோடு ஊர்ந்து போகும். வரவேற்பறையில் பாட்டிலைத் திறந்து வைத்துவிட்டு, பக்கத்தில் குத்துவிளக்கோ சாம்பிராணியோ ஏற்றாதீர்கள். விளக்கேற்றும் நேரத்துக்கு அசிட்டோன் வேலையை வைத்துக்கொள்ளவும் வேண்டாம். மேசையில் அன்றைய தேவைக்கு மட்டும் எடுத்து, மீதியை மூடி அலமாரியில் வையுங்கள்.

நகப் பசை பருத்தியில் சிந்தினால் சூடேறித் தோலைச் சுட்டுவிடும். சிந்திய பசையைப் பஞ்சால் ஒற்றுவதும், பருத்திச் சேலை கட்டிய மடியில் வாடிக்கையாளரின் கையை வைத்து வேலை பார்ப்பதும் ஆகாது.

கழற்றுவது

அவசரத்தில் சுரண்டுவதால்தான் ‘ஜெல் நகத்தைக் கெடுக்கும்’ என்ற பேர் வந்தது. டாப் கோட்டின் பளபளப்பை மட்டும் ஃபைலால் எடுத்து, சுற்றுத்தோலில் எண்ணெய் தடவி, நக அளவுக்கு வெட்டிய பஞ்சில் அசிட்டோன் நனைத்து, அலுமினியத் தாளில் சுற்றி 10 முதல் 15 நிமிடம் விடுங்கள். குச்சியால் தள்ளினால் தானாக உரிய வேண்டும். உரியவில்லையா, இன்னொரு ஐந்து நிமிடம். டிரில்லை இயற்கை நகத்தின்மேல் இறக்காதீர்கள். நகத்தின் குறுக்கே சிவப்பு வளையம் தெரிந்தால் ஏற்கெனவே ஆழமாகப் போய்விட்டீர்கள். கை நகம் மாதம் மூன்று மில்லிமீட்டர்தான் வளரும், அந்த வளையம் நீங்க மாதக்கணக்காகும்.

கால் தொட்டி

2000-ஆம் ஆண்டு கலிபோர்னியாவில் ஒரே கடையில் பெடிக்யூர் செய்துகொண்ட நூற்றுக்கும் மேற்பட்டோருக்கு முழங்காலுக்குக் கீழே ஆறாத கட்டிகள் வந்தன. நீர்ச்சுழல் தொட்டியின் வடிகட்டிக்குப் பின்னால் முடியும் தோல்துகளும் அடைந்து கிடந்தன, அதில் கிருமி வளர்ந்திருந்தது. வருமுன் காலைச் சவரம் செய்தவர்களுக்கு ஆபத்து கூடுதல். சுழல் இல்லாத வெறும் தொட்டியும் ஒருமுறை பிளாஸ்டிக் உறையும் வைத்தால் பாதித் தொல்லை போய்விடும். சுழல் தொட்டிதான் வேண்டுமென்றால் ஒவ்வொருவருக்குப் பிறகும் நீரை வடித்து, சோப்பால் தேய்த்து, அலசி, கிருமிநாசினியை அதன் லேபிள் சொல்லும் அளவில் கலந்து பத்து நிமிடம் சுழலவிட்டு, வடித்துக் காயவையுங்கள். இரவில் வடிகட்டியைக் கழற்றித் தேய்க்காவிட்டால் இதெல்லாம் வீண்.

உலோகக் கருவிகளை முதலில் தேய்த்துக் கழுவ வேண்டும், அழுக்கின்மேல் கிருமிநாசினி வேலை செய்யாது. ஆட்டோகிளேவ் (அழுத்த நீராவியால் கிருமி நீக்கும் கருவி) இருந்தால் உறையிட்டு 121 டிகிரியில் 30 நிமிடம். புற ஊதா நீலவிளக்குப் பெட்டி சுத்தமானதைச் சுத்தமாக வைத்திருக்கும் அலமாரி, அவ்வளவே. ஃபைலும் பஃபரும் ஆளோடு போகட்டும்.

சுற்றுத்தோலை வெட்டாமல் தள்ளிவிடுங்கள். வெட்டிய இடத்தில்தான் நகச்சுற்று வரும். காலில் பிளேடு வேண்டாம். நம்மவர்களிடையே நீரிழிவு அதிகம் என்பதால் பெடிக்யூருக்கு உட்காருமுன் ‘அக்கா, சர்க்கரை இருக்கா? கால் மரத்துப்போகுமா?’ என்று கேட்டுவிடுங்கள். ஆம் என்றால் ஊறவைக்காமல், உரசாமல், நேராக நகம் வெட்டி நிறம் பூசுவதோடு நிறுத்துங்கள். புண் இருந்தால் வேலையே வேண்டாம், பலதுறை மருந்தகத்துக்கு அனுப்புங்கள்.

வாடிக்கையாளர்

கையால் சாப்பிடுகிறவருக்கு வெளிர்நிற ஜெல் போட்டால் மறுநாளே மஞ்சள் ஏறியது என்று திரும்பி வருவார். முன்கூட்டியே சொல்லுங்கள், இல்லையேல் அடர்நிறம் பரிந்துரையுங்கள். மணப்பெண்ணுக்கு மருதாணியும் ஜெல்லும் வேண்டுமென்றால் மருதாணி முந்தட்டும். ஆனால் அதில் கலக்கும் எண்ணெய் நகத்தில் தங்கினால் ஜெல் மூன்றாம் நாள் தூக்கும், ஆல்கஹாலால் இரண்டுமுறை துடைத்த பிறகே பேஸ் கோட். தொழுகைக்கு ஒளு எடுப்பவர்கள் எளிதில் உரித்தெடுக்கும் பூச்சைக் கேட்பார்கள், தனியாக வாங்கி வையுங்கள்.

தீபாவளிக்கு முந்திய இரண்டு வாரம் சிராங்கூன் சாலை பக்கம் மூச்சுவிட நேரமிருக்காது. அப்போது முதலில் சுருங்குவது லேம்ப் நேரமும் கருவி கழுவும் நேரமும்தான். முன்பதிவில் ஆளுக்கு ஆள் 15 நிமிடம் இடைவெளி விட்டே எழுதுங்கள். முன்பணப் பேக்கேஜைக் கையைப் பிடித்து வைத்துக்கொண்டு திணிக்காதீர்கள். புகார் பயனீட்டாளர் சங்கத்துக்குப் போகும், பேரும் கெடும்.

வேலையாளுக்கு அரிப்பு வந்தால்

வேலையிடப் பாதுகாப்பு, சுகாதாரச் சட்டம் சின்னக் கடைக்கும் பொருந்தும். அபாய மதிப்பீட்டை எழுதி வைத்து, மூன்றாண்டுக்கு ஒருமுறையாவது திருத்த வேண்டும். வேலையால் வந்த தோல்நோய் வேலையிடக் காய இழப்பீட்டின் கீழ் வரும், முதலாளி அதை மனிதவள அமைச்சுக்குத் தெரிவிக்கவும் வேண்டும். ‘உன் தோல் அப்படி’ என்று சொல்லி அனுப்பிவிட முடியாது.

மருத்துவர் பரிந்துரைத்தால் ஒட்டுப் பரிசோதனை செய்வார்கள். முதுகில் சிறுசிறு ஒட்டுகளாக ரசாயனங்களை வைத்து, இரண்டு நாள் கழித்து எடுத்துப் பார்ப்பார்கள், பிறகு மறுபடி ஒருமுறை பார்ப்பார்கள். அத்தனை நாளும் முதுகு நனையக் கூடாது, இந்தப் புழுக்கத்தில் அது ஒரு தவம். போகும்போது கடையில் தொடும் ஒவ்வொரு பாட்டிலின் உட்பொருள் பட்டியலையும் படமெடுத்துக்கொண்டு போங்கள். ‘ஜெல் போடுகிறேன்’ என்று மட்டும் சொன்னால் எதை ஒட்டிப் பார்ப்பது என்று அவர்களுக்கும் தெரியாது.