எட்டு போன், ஒரே கணம்: காற்றில் நிற்கும் தண்ணீரைச் சுற்றி வரலாம்

வீசிய தண்ணீர் அந்தரத்தில் அப்படியே நிற்க, கேமரா மட்டும் அதைச் சுற்றி வரும் காட்சியைப் பார்த்திருப்பீர்கள். 1999-இல் வந்த ‘தி மேட்ரிக்ஸ்’ படத்துக்காகச் சுமார் 120 ஸ்டில் கேமராக்களை வளைவாக அடுக்கி வைத்தார்கள். அதுபோல ஒரே கணத்தில் எடுத்த படங்களை வரிசையாக ஓட்டினால், எந்தக் கேமராவும் நகராமலே சுற்றி வருவதுபோல் தெரியும். நண்பர்களிடம் கேட்டு எட்டு போன் சேர்த்தால் நீங்களும் செய்யலாம்.

எல்லா போனிலும் நொடிக்கு 240 பிரேம் (வீடியோவின் ஒவ்வொரு தனிப்படமும் ஒரு பிரேம்) ஸ்லோமோஷன் இருக்க வேண்டும். தண்ணீர் நொடிக்கு 3 மீட்டர் பாய்கிறது என்று வையுங்கள். 30 பிரேமில் எடுத்தால், ஒரு பிரேமுக்கும் அடுத்ததற்கும் இடையில் அது 10 செ.மீ. போய்விடும். 240-இல் ஒன்றேகால் செ.மீ.தான். போன்களுக்குள் ஒரு பிரேம் பிசகினாலும் எட்டுப் படமும் ஒட்டுவது இதனால்தான்.

போன்களை நிறுத்துதல்

வெயிலில் எடுங்கள், டியூப்லைட் வெளிச்சம் ஸ்லோமோஷனில் மினுக்கும். மொட்டைமாடி நடுவில் ஒரு குச்சியைச் செங்குத்தாக நிறுத்தி, மேலும் கீழும் கலர் டேப் சுற்றுங்கள். குச்சியில் 3 மீட்டர் கயிறு கட்டி, சாக்பீஸால் வளைவு வரையுங்கள். அதில் 26 செ.மீ.க்கு ஒரு போன் வைத்தால், ஒவ்வொன்றுக்கும் 5 டிகிரி வித்தியாசம் வரும். எல்லாம் ஒரே உயரத்தில், குச்சி படத்தின் நடுவில் தெரியும்படி இருக்கட்டும். போகஸ், எக்ஸ்போஷர் (வெளிச்ச அளவு) இரண்டையும் லாக் செய்துவிடுங்கள்.

கைதட்டல்

எட்டு போனையும் ஒரே நேரத்தில் அழுத்த முடியாது, தேவையும் இல்லை. ஒவ்வொன்றாக ரெக்கார்டிங்கை ஓட விடுங்கள். குச்சி சில நொடி பதிவான பிறகு அதை எடுத்துவிடலாம். இனி யாரும் போனைத் தொடக் கூடாது. தண்ணீர் வீசுபவர் குச்சி இருந்த இடத்தில் நின்று, எல்லா போனுக்கும் தெரிய ஒருமுறை கைதட்டி, உடனே சொம்புத் தண்ணீரை வீசி, மறுபடி தட்டட்டும்.

அந்த இரண்டாவது தட்டலைப் பலர் விட்டுவிடுகிறார்கள், தயவுசெய்து விடாதீர்கள். சில போன்கள் நடுவில் பிரேமைத் தவற விடும். இரண்டு தட்டலுக்கும் இடையே உள்ள பிரேம் எண்ணிக்கை எல்லா வீடியோவிலும் ஒன்றாக இருந்தால்தான் அந்த முறை எடுத்ததை நம்பலாம்.

எடிட்டிங்

வாட்ஸ்அப்பில் அனுப்பாமல், கேபிள் போட்டு ஒரிஜினல் பைலையே எடுங்கள். டாவின்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருளின் இலவசப் பதிப்பு போதும். சத்தத்தை நம்பாமல், முதல் தட்டலில் உள்ளங்கைகள் தொடும் பிரேமைக் கண்ணால் தேடுங்கள். அங்கிருந்து 400-ஆவது பிரேமில் தண்ணீர் அழகாக விரிந்திருக்கிறதா? சரி, எட்டு வீடியோவிலும் அதே 400-ஐ எடுங்கள். அப்புறம் குச்சியின் இரண்டு டேப்பும் ஒரே இடத்தில் வரும்வரை ஒவ்வொரு படத்தையும் நகர்த்தி, திருப்பி, அளவை மாற்றுங்கள். பொறுமை தேவைப்படும் வேலை இதுதான். இதை விட்டால் காட்சி குலுங்கும்.

1878-இல் கலிபோர்னியாவின் பாலோ ஆல்டோவில் மைப்ரிட்ஜ் என்ற புகைப்படக்காரர், ஓடும் குதிரை நூல்களை அறுக்க அறுக்க 12 கேமராக்கள் ஒன்றன்பின் ஒன்றாகப் படமெடுக்கும்படி செய்தார். நீங்களும் முதல் போனில் 400, அடுத்ததில் 402, அதற்கடுத்ததில் 404 என்று தள்ளித் தள்ளி எடுத்தால், கேமரா சுற்றும்போதே தண்ணீர் மெல்ல நகரும்.

எட்டுப் படம் 24 பிரேம் வேகத்தில் ஒரு நொடியில் மூன்றில் ஒரு பங்குதான் ஓடும். ஒவ்வொன்றையும் இரண்டு பிரேம் நிறுத்துங்கள். முன்னால் முதல் போனின் வீடியோவை 400-ஆவது பிரேம் வரை வையுங்கள். பின்னால் எட்டாவது போனில் விட்ட இடத்திலிருந்து தண்ணீர் தரையில் விழட்டும்.