பழைய புல்லாங்குழலைச் சோதிக்கும் முறை: தியோபால்டு போம் வகுத்த அளவுகளின் வழியே

மேலை இசைக்குழுக்களில் வாசிக்கப்படும் உலோகப் புல்லாங்குழலைப் பழையதாக வாங்கியவர்களும், பெட்டிக்குள் பல ஆண்டுகள் கிடந்ததை மீண்டும் எடுத்தவர்களும், பழுதுபார்ப்பவரிடம் கொண்டுபோவதற்கு முன் தாங்களே செய்துபார்க்கக்கூடிய சில சோதனைகளை இங்கே விளக்குகிறேன். இச்சோதனைகள் பெரும்பாலும் ஒரே மனிதரின் முடிவுகளைத் தொட்டவை. 1794இல் மியூனிக் நகரில் பொற்கொல்லர் ஒருவரின் மகனாகப் பிறந்து, தந்தையின் தொழிலைப் பழகி, 1818இல் பவேரிய அரசவை இசைக்குழுவில் குழல் வாசிப்பவராகச் சேர்ந்து, 1828இல் சொந்தப் பட்டறை திறந்த தியோபால்டு போம்தான் அவர். ஒரு பாகத்தை அவர் ஏன் அப்படி அமைத்தார் என்பது தெரிந்தால், பழுதை எங்கே தேடுவது என்பதும் விளங்கும்.

முதலில், ஊதும் துளையுள்ள தலைப்பகுதியின் மூடிய முனையை உள்ளே அடைத்திருக்கும் தக்கையைப் பாருங்கள். குழலோடு வரும் துடைக்கும் கோலின் ஒரு முனையிலிருந்து ஏறக்குறைய 17 மி.மீ. தள்ளி ஒரு கோடு இருக்கும். அந்த முனையைத் தலைப்பகுதி உடலோடு இணையும் திறந்த வாய் வழியாகத் தக்கையில் முட்டும் வரை செலுத்தினால், கோடு ஊதும் துளையின் நட்டநடுவில் தெரிய வேண்டும். மூடிய முனைப்பக்கம் ஒதுங்கித் தெரிந்தால், நுனித் திருகைச் சற்றுத் தளர்த்தி உள்ளே மெல்ல அழுத்துங்கள்; எதிர்ப்பக்கம் ஒதுங்கியிருந்தால் திருகை இறுக்குங்கள், தக்கை பின்னுக்கு வரும். தக்கையை முழுவதுமாக வெளியே எடுக்க நேர்ந்தால் அகன்ற வாய்ப்பக்கமாக மட்டுமே தள்ள வேண்டும், ஏனெனில் தலைப்பகுதி ஒரே அகலமுள்ள குழாய் அன்று. உடற்பகுதியில் 19 மி.மீ. இருக்கும் உள்விட்டம் தக்கையருகே 17 மி.மீ. வரை வளைவாகக் குறுகுகிறது. நண்பர் ஷாஃப்ஹாய்ட்லிடம் ஒலியியல் கற்ற பின், 1847இல் போம் கொண்டுவந்த மாற்றம் இது. நான் வாங்கிய பழைய குழலில் இந்தக் கோடு துளையின் விளிம்பையே தாண்டியிருந்தது. விற்றவர் உதடு பழக வேண்டும் என்று சொல்லியிருந்தார். நானும் ஆறு மாதம் என் உதட்டையே நொந்துகொண்டேன்.

அடுத்தது காற்றுக் கசிவு. பெரும்பாலான கோளாறுகள் இங்கேதான் இருக்கும் என்பதால், இதற்குத் தாராளமாக நேரம் ஒதுக்குங்கள். 1831இல் லண்டன் சென்ற போம், சார்லஸ் நிக்கல்சன் என்ற கலைஞர் பெரிய துளைகளுள்ள குழலில் எழுப்பிய நாதத்தைக் கேட்டு, தம் குழலையே அடியோடு மாற்றத் துணிந்தார். துளையை விரல் எட்டும் இடத்தில் போடாமல் சுரத்துக்கு உரிய இடத்தில் போட வேண்டும் என்பதே அவர் கொள்கை. 1832இல் வளையக் கீ (துளையைச் சுற்றி வளையமுள்ள நெம்பு) பொருத்திய, கூம்பு வடிவ உட்குழாய் கொண்ட குழலைச் செய்தார். பிறகு பல ஆண்டுகள் எஃகுத் தொழிலில் ஈடுபட்டு, மீண்டும் குழலுக்குத் திரும்பியபோது துளைகள் 13 மி.மீ. அளவுக்கு விரிந்துவிட்டன. விரல் நுனியால் மூட முடியாத அத்துளைகளை மூட, மெத்தை வைத்த மூடிகள் தேவைப்பட்டன. அந்த மெத்தையைத்தான் இப்போது நாம் சோதிக்கிறோம்.

சிகரெட் தாளை ஒரு சிறுவிரல் நகத்தின் அகலத்துக்கு நீளவாக்கில் வெட்டி, மூடிக்கும் துளை விளிம்புக்கும் இடையில் செருகி, விரலின் எடை மட்டும் படும்படி மூடியை வைத்துக்கொண்டு, தாளை மெதுவாக உருவுங்கள். புத்தகத்தின் நடுவில் செருகிய தாளை உருவும்போது உணரும் மெல்லிய பிடிப்பு, முன்னும் பின்னும் இரு பக்கங்களிலும் ஒரே அளவாக இருக்க வேண்டும். ஒரு பக்கம் பிடித்து மறுபக்கம் வழுக்கினால் மெத்தை சாய்ந்திருக்கிறது என்று பொருள். அதை நீங்களே சரிசெய்ய முயலாதீர்கள். மேலே உள்ள மூடியில் கசிந்தால் அதற்குக் கீழுள்ள சுரங்கள் அனைத்தும் தளரும் என்பதால், சோதனையை மேலிருந்து தொடங்குவதே முறை. ஈரத்தால் ஒட்டும் மெத்தைக்கு வேறு வழி: தாளை வைத்து மூடியை அழுத்தி, பிறகு மூடியைத் திறந்துவிட்டே தாளை எடுக்க வேண்டும். அழுத்தியபடி இழுத்தால் மெத்தையின் மேல்தோல் கிழிந்துவிடும்.

சுருதியைப் பார்ப்பதற்குச் சில நிமிடங்கள் ஊதிக் குழலைச் சூடாக்கிக்கொண்டு, ‘டி’ சுரம் மூன்று ஸ்தாயிகளிலும் ஒத்திருக்கிறதா என்று டியூனரில் (சுருதி காட்டும் கருவியில்) பாருங்கள். போம் நகரும் துண்டுகள் கொண்ட குழாயை வைத்து ஒவ்வொரு சுரத்துக்கும் உரிய நீளத்தைக் கண்டறிந்து, எந்தச் சுருதிக்கும் துளைகளின் இடத்தைக் கணக்கிடும் வரைபடம் ஒன்றையும் வகுத்தார். ஆகவே ஒரு குழலின் துளைகள் ஒரு குறிப்பிட்ட சுருதிக்கே பொருந்தும். தலைப்பகுதியை முழுவதும் உள்ளே தள்ளியும் ‘ஏ’ சுரம் இன்றைய பொதுச் சுருதியான 440 ஹெர்ட்ஸை எட்டவில்லையென்றால், அது 435 போன்ற பழைய சுருதிக்குச் செய்யப்பட்டதாக இருக்கலாம். மாறாக, மிக அதிகமாக வெளியே இழுக்க வேண்டியிருந்தாலும், இன்னும் வாங்காத குழலென்றால் தவிர்த்துவிடுங்கள். இழுக்கும் நீளம் எல்லாச் சுரத்துக்கும் ஒன்றே என்றாலும், குட்டையான காற்றுத்தம்பம் கொண்ட ‘சி ஷார்ப்’ போன்றவற்றை அது கூடுதலாகத் தாழ்த்தும்.

கடைசிச் சோதனை போமுடையது அன்று. இடது கட்டைவிரலுக்குக் கீழுள்ள ‘பி ஃபிளாட்’ நெம்பு 1849இல் இத்தாலியக் குழல் கலைஞர் பிரிச்சியால்டி சேர்த்தது. போம் விரும்பிய, அழுத்தாதபோது திறந்தே நிற்கும் ‘ஜி ஷார்ப்’ மூடியும் இன்றைய பெரும்பாலான குழல்களில் இல்லை. ‘பி ஃபிளாட்’ சுரத்தை முதலில் கட்டைவிரல் நெம்பாலும், பிறகு இரு கைகளின் சுட்டுவிரல்களாலும் ஊதுங்கள். முதலாவது தெளிவாகவும் இரண்டாவது மங்கலாகவும் ஒலித்தால் மெத்தையில் குறையில்லை; வலது சுட்டுவிரல் மூடியையும் மேலுள்ள சிறிய மூடியையும் இணைக்கும் இடத்தில் இடைவெளி விழுந்திருக்கிறது. பழுதுபார்ப்பவரிடம் அந்த இணைப்பைச் சரிசெய்யும் ஒரு திருகைக் காட்டினால் போதும்.