பாய்லர் திறனை நீங்களே கணக்கிடுவது எப்படி? (எனக்கு 96 சதவீதம் வந்து 82 ஆன கதை)

முதல் முறை கணக்குப் போட்டபோது எங்கள் பாய்லரின் திறன் 96 சதவீதம் என்று வந்தது. பெருமையோடு தாளைக் கொண்டுபோய் மேலாளர் முன் வைத்தேன். அவர் தாளைப் பார்க்கவில்லை, ஜன்னல் வழியே புகைபோக்கியைப் பார்த்தார். "220 டிகிரியில் புகை போய்க்கிட்டிருக்கு. நாலு சதவீதம்தான் நஷ்டமா?" என்றார். அந்தக் கேள்விக்குப் பதில் தேடி மூன்று நாள் போயிற்று. உங்களுக்கு அரை நாளில் முடியட்டும் என்றுதான் இந்தப் பதிவு.

எங்களுடையது ஃபர்னஸ் ஆயிலில் (உலைகளில் எரிக்கும் கெட்டி எண்ணெய்) ஓடும், மணிக்கு 3 டன் நீராவி என்று குறித்த பாய்லர். வேறு எரிபொருள் என்றாலும் வழி இதுதான். நீராவி எடுத்துக்கொண்ட வெப்பத்தை எரிபொருள் தந்த வெப்பத்தால் வகுக்க வேண்டும். அவ்வளவுதான் சூத்திரம், வம்பெல்லாம் அதில் போடும் எண்களில்தான்.

படி 1: எட்டு மணி நேரம் அளவெடுங்கள்

வேண்டியவை: ஃபீட் வாட்டர் (பாய்லருக்குள் போகும் தண்ணீர்) மீட்டர், டே டாங்கில் (அன்றாட எண்ணெய்த் தொட்டி) மட்டம் பார்க்கும் டிப் ஸ்டிக், தெர்மாமீட்டர், தண்ணீரில் கரைந்துள்ள உப்பைக் காட்டும், பையில் வைக்கும் டிடிஎஸ் மீட்டர். ஸ்டீம் மீட்டர் இருந்தால் அதை ஓரமாக வையுங்கள். ஆரிஃபிஸ் வகை (குழாயில் துளைத்தகடு வைத்து அளக்கும்) மீட்டர், தனக்குக் குறித்த அழுத்தத்திலிருந்து நீராவி விலகினாலே தவறாகக் காட்டும். நான் தண்ணீர் மீட்டரைத்தான் நம்புவேன்.

தொடங்கும்போதும் முடிக்கும்போதும் கேஜ் கிளாஸில் (பாய்லரின் நீர்மட்டம் காட்டும் கண்ணாடிக் குழாய்) நீர்மட்டம் ஒரே கோட்டில் இருக்க வேண்டும். ஒரு துண்டு டேப் ஒட்டி அடையாளம் வைத்துக்கொள்ளுங்கள். பாய்லருக்குள் நீர்ப்பரப்பு 6 சதுர மீட்டர் என்றால், 5 செ.மீ. வித்தியாசமே 300 லிட்டர். இரண்டு முறையும் அழுத்தமும் லோடும் (நீராவி எடுக்கும் அளவு) ஒன்றாக இருக்கும்போது பாருங்கள். லோடு ஏறினால் குமிழிகளால் மட்டம் உப்பித் தெரியும்.

என் எண்கள்: தண்ணீர் 16,500 லிட்டர், அதன் வெப்பநிலை 85 டிகிரி செல்சியஸ், எண்ணெய் 1,030 கிலோ, நீராவி அழுத்தம் கேஜில் சதுர செ.மீ.க்கு 10 கிலோ.

படி 2: ஒரு கிலோ நீராவிக்கு எவ்வளவு வெப்பம்?

ஸ்டீம் டேபிளில் (நீராவியின் வெப்ப அளவுகள் உள்ள அட்டவணை) இந்த அழுத்தத்துக்கு 664 கிலோகலோரி. தண்ணீர் ஏற்கெனவே 85 கொண்டுவருகிறது. மீதி 579. கேஜ் அழுத்தமா, காற்றழுத்தமும் சேர்ந்த முழு அழுத்தமா என்று பலர் இங்கே மண்டையை உடைத்துக்கொள்வார்கள். மாற்றிப் பார்த்தாலும் ஒரு கிலோகலோரிதான் வித்தியாசம், விடுங்கள்.

படி 3: தண்ணீரை நீராவியாக எண்ணாதீர்கள்

நான் கவிழ்ந்த இடம் இது. 16,500-ஐ அப்படியே 579-ஆல் பெருக்கிவிட்டேன். மீட்டர் காட்டுவது லிட்டர். 85 டிகிரியில் ஒரு லிட்டர் தண்ணீரின் எடை 0.968 கிலோதான். ஆக உள்ளே போனது 15,972 கிலோ. இதைத் திருத்தியதுமே 96 சதவீதம் 93 ஆனது.

அடுத்தது ப்ளோடவுன். உள்ளே போன தண்ணீரெல்லாம் நீராவியாக வெளியே வருவதில்லை. உப்பு சேராமல் இருக்க ஒரு பங்கை வடித்துவிடுகிறோம். எவ்வளவு வடிகிறது என்பதை உப்பே சொல்லும். ஃபீட் வாட்டர் டிடிஎஸ்ஸை பாய்லர் தண்ணீரின் டிடிஎஸ்ஸால் வகுத்தால், வடிந்த பங்கு கிடைக்கும். நீராவி உப்பைக் கொண்டுபோகாது, உள்ளே வந்த உப்பு வடிகாலில்தான் வெளியேற வேண்டும் என்பதே இதன் அடிப்படை.

ஃபீட் வாட்டர் 200 பிபிஎம் (பத்து லட்சத்தில் 200 பங்கு). பாய்லர் தண்ணீர் சாம்பிள் கேட்டேன், ஆபரேட்டர் அண்ணன் ஒரு குவளையில் கொண்டுவந்தார். 1,100 காட்டியது. கணக்குப் போட்டால் 18 சதவீதத் தண்ணீர் வடிகிறது, திறன் 76! காலையில் 96, மதியம் 76. அன்றைக்கு டீ குடிக்கக்கூடப் பிடிக்கவில்லை.

மறுநாள்தான், "அண்ணே, எங்கே பிடிச்சீங்க?" என்று கேட்டேன். கேஜ் கிளாஸின் கீழ்க் குழாயில் பிடித்திருக்கிறார். தப்பு அவருடையதல்ல, நான் இடத்தைச் சொல்லவில்லை. கேஜ் கிளாஸில் மேலிருந்து நீராவி குளிர்ந்து சொட்டிக்கொண்டே இருக்கும். அதில் நிற்பது நீர்த்துப்போன தண்ணீர். சாம்பிளைக் குளிர்விக்கும் கூலர் உள்ள ப்ளோடவுன் லைனில்தான் பிடிக்க வேண்டும். கூலர் இல்லாமல் பிடித்தால் எதிர்ப் பிழை வரும்: சூட்டில் ஒரு பங்கு ஆவியாகிப் பறந்து, டிடிஎஸ் கூடுதலாகக் காட்டும்.

சரியாகப் பிடித்தபோது 3,000. வடிவது பதினைந்தில் ஒரு பங்கு, அதாவது 1,065 கிலோ. உண்மையான நீராவி 14,907 கிலோ. திறன் 87.

படி 4: எந்த கலோரி மதிப்பு?

ஒரு கிலோ எரிந்தால் கிடைக்கும் வெப்பம்தான் கலோரி மதிப்பு. எண்ணெய்க்கு இரண்டு மதிப்புகள் உண்டு. மொத்த மதிப்பு 10,200, நிகர மதிப்பு 9,650 கிலோகலோரி என்று வைத்துக்கொள்ளுங்கள். எண்ணெயிலுள்ள ஹைட்ரஜன் எரிந்து தண்ணீராகிறது. ஒரு கிலோ ஃபர்னஸ் ஆயிலுக்கு ஏறக்குறைய ஒரு கிலோ தண்ணீர்! அது ஆவியாகப் புகையோடு போகும்போது எடுத்துச் செல்லும் வெப்பத்தைக் கழித்தால் நிகர மதிப்பு. நான் அதைத்தான் போட்டிருந்தேன்.

மொத்த மதிப்பில்: 14,907 × 579 ÷ (1,030 × 10,200) = 82.15 சதவீதம்.

பாய்லர் வாங்குகிறவர்கள் இதைக் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டும். ஐரோப்பிய நாடுகளில் நிகர மதிப்பிலும், அமெரிக்காவிலும் இந்தியாவிலும் மொத்த மதிப்பிலும் திறனைச் சொல்வதே பொது வழக்கம். இயற்கை எரிவாயுவில் இரண்டுக்கும் ஏறக்குறைய பத்து சதவீத இடைவெளி. அதனால்தான், புகையிலுள்ள நீராவியைக் குளிரவைத்து அந்த வெப்பத்தையும் எடுத்துக்கொள்ளும் கண்டென்சிங் பாய்லர் விற்பனைத் தாள்களில் நூறைத் தாண்டிய திறனெல்லாம் அச்சாகிறது. அது பொய்யில்லை, அளவுகோல் வேறு. இரண்டு கொட்டேஷன்களை ஒப்பிடும்முன் "எந்த மதிப்பில்?" என்று கேளுங்கள். கூடவே கொள்ளளவையும் கேளுங்கள். '3 டன்' என்பது பெரும்பாலும் 100 டிகிரித் தண்ணீர் 100 டிகிரி நீராவியாகும் கணக்கு, கிலோவுக்கு 540 கிலோகலோரி. எங்களுக்கு 579 தேவைப்படுவதால் கையில் கிடைப்பது மணிக்கு ஏறக்குறைய 2,800 கிலோதான்.

படி 5: புகையைக் கேட்டுச் சரிபாருங்கள்

புகையில் ஆக்ஸிஜன் 5 சதவீதம். காற்றில் ஆக்ஸிஜன் 21 சதவீதம். 5 ÷ (21 − 5), அதாவது எரிய வேண்டியதைவிட 31 சதவீதம் கூடுதல் காற்று. நஷ்டங்கள் இப்படி: உலர் புகையோடு 8 சதவீதத்துக்குச் சற்று மேல், ஹைட்ரஜன் தண்ணீரோடு ஆறரை, ப்ளோடவுனில் 1, மேற்பரப்பில் 1 சொச்சம். நூறிலிருந்து கழித்தால் 82, 83-க்குள் நிற்கிறது. இரண்டு வழியும் கைகுலுக்கியபோதுதான் மேலாளரிடம் மறுபடி போனேன்.

திறனில் இரண்டு சதவீதப் புள்ளிக்கு இத்தனை பாடா என்றால்: இதே ஓட்டத்தில் 24 மணி நேரமும் ஆண்டுக்கு 300 நாளும் ஓடினால் 927 டன் எண்ணெய். திறன் இரண்டு புள்ளி ஏறினால் 22 டன் மிச்சம். புகையின் சூடு 22 டிகிரி குறைந்தால் ஏறக்குறைய ஒரு புள்ளி கிடைக்கும். புகைக்குழாய்களில் கரி துடைப்பதிலிருந்து தொடங்குங்கள், புது பர்னர் பற்றி அப்புறம் யோசிக்கலாம்.

பின்சேர்க்கை 1: சோதனை நேரத்தில் ப்ளோடவுனை மூடிவிட்டால் என்ன என்று ஒருவர் கேட்டிருந்தார். மூடலாம், கணக்கும் எளிது. இப்போது நானும் அப்படித்தான் செய்கிறேன். தொடக்க டிடிஎஸ் குறைவாக இருக்கட்டும், மணிக்கொரு முறை பாருங்கள். எல்லை தாண்டினால் நீராவியோடு தண்ணீரும் ஏறி, அதுவும் நீராவிக் கணக்கில் சேர்ந்துவிடும்.

பின்சேர்க்கை 2: நிலக்கரி பாய்லர் வைத்திருக்கும் நண்பருக்கு 63 சதவீதம் வந்ததாம். ஆய்வக அறிக்கையில் இருந்த 5,000 கிலோகலோரி, காற்றில் உலர்ந்த கரிக்கான கலோரி மதிப்பு, அதில் ஈரம் 8 சதவீதம். யார்டில் கிடந்த கரியில் ஈரம் 20. 5,000 × 80 ÷ 92 என்று மாற்றினால் 4,348. அதைப் போட்டதும் அவருடைய 63 சதவீதம் 72 ஆகிவிட்டது. சாம்பிளை உலையில் கொட்டும் இடத்திலேயே எடுத்து, உடனே பாலிதீன் பையில் கட்டச் சொல்லியிருக்கிறேன்.